ஆணையும் பணமும்: சுவிப்ற் வலையமைப்பும் 2016ஆம் ஆண்டு நிகழ்வும்

நாடு கடந்து பணம் செல்கின்றது என்று கூறுகின்றோம். உண்மையிற் செல்வது பணமன்று. ஒரு கணக்கிற் குறைத்து மற்றொரு கணக்கிற் கூட்டுமாறு பணிக்கும் ஆணையே. எனவே, ஆணை உரியவரிடமிருந்து வந்ததா என்பது வங்கித் தொழிலின் தொன்மையான வினாக்களுள் ஒன்றாயிற்று.

ரெலெக்ஸ் வழங்கிய காலத்தில் இவ்வினாவுக்கு விடை கண்டவர் எழுதுவினைஞரே. தொகை, திகதி முதலியவற்றுக்குரிய இரகசிய எண்களை அட்டவணையிற் பார்த்துக் கூட்டி, செய்தியிலுள்ள சோதனை எண்ணோடு அவர் ஒப்பிடுவார். வேலை மந்தமானது, செய்திகள் ஒரே வடிவில் அமையாமையாற் பிழையும் மலிந்தது. இக்குறை நீக்கும் பொருட்டு 1973ஆம் ஆண்டு 15 நாடுகளின் 239 வங்கிகள் கூடி, பெல்ஜியத்திற் சுவிப்ற் எனும் கூட்டுறவு நிறுவனத்தை அமைத்தன. 1977இற் சேவை தொடங்கிற்று. ஒவ்வொரு விபரத்துக்கும் செய்தியில் உரிய இடம் வகுக்கப்பட்டமையால் கணனியே அதனை வாசித்துச் சரிபார்க்கலாயிற்று. எழுதுவினைஞரின் கண் இதனால் தேவையற்றதாயிற்று என்றே பலரும் கருதினர்.

2016 பெப்ரவரி 4ஆம் திகதி வியாழக்கிழமை இரவு நிகழ்ந்தது இக்கருத்தைச் சோதித்தது எனலாம். பங்களாதேஷ் மத்திய வங்கியின் கணனிகளுட் புகுந்தோர், அவ்வங்கியின் அனுமதிச் சொற்களைக் கொண்டே நியூயோர்க் பெடரல் றிசேர்வ் வங்கிக்கு 35 ஆணைகளை அனுப்பினர். மொத்தத் தொகை ஏறத்தாழ 95 கோடி டொலர். டாக்காவிலிருந்த மென்பொருளை மாற்றி, ஆணைகளின் பிரதியை அச்சிடும் பொறியையும் முடக்கியிருந்தனர். நாட்களும் நன்கு தெரிந்தெடுக்கப்பட்டிருந்தன. வெள்ளி டாக்காவில் விடுமுறை. சனியும் ஞாயிறும் நியூயோர்க்கில். திங்கள் சீனப் புத்தாண்டாதலால் மணிலாவில்.

வடிவக் குறைபாட்டுக்காக முதலில் திருப்பப்பட்ட ஆணைகள் திருத்தி மீண்டும் அனுப்பப்பட்டன. ஐந்து நிறைவேறின. ஏனைய முப்பதும் நின்றமைக்கான காரணம் வியப்பானது. மணிலா வங்கிக் கிளை அமைந்த வீதியின் பெயர் ‘ஜுப்பிற்றர்’. ஈரான் மீதான தடைப்பட்டியலில் இருந்த கப்பல் நிறுவனமொன்றின் பெயரிலும் அச்சொல் இருந்தது. கள்வரைத் தேடாத வடிகட்டியொன்றிற் கள்வர் அகப்பட்டனர்! இதனைப் பாதுகாப்பு முறையின் வெற்றி எனல் பொருந்தாது. தற்செயல் என்பதே தகும்.

நிறைவேறிய ஐந்தில் நான்கின் வழி 8 கோடி 10 இலட்சம் டொலர் மணிலாவை அடைந்து, பெரும்பாலும் சூதாட்ட விடுதிகளிற் கரைந்தது. மார்ச் மாதத்தில் டாக்கா மத்திய வங்கியின் ஆளுநர் பதவி துறந்தார்.

ஐந்தாவது ஆணை எமது நாட்டை நோக்கியது. இலங்கை நிறுவனமொன்றின் கணக்குக்கு 2 கோடி டொலர். மென்பொருளைப் பொறுத்தவரை அதிற் குறையில்லை. ஆயின் இத்துணைப் பெருந்தொகை வழமைக்கு மாறானதென இங்குள்ள வங்கியில் ஒருவர் ஐயுற்றார். ‘பவுண்டேசன்’ என்னும் ஆங்கிலச் சொல் ‘பண்டேசன்’ எனப் பிழைபட எழுதப்பட்டிருந்ததும் கவனிக்கப்பட்டது. இடைநிலை வங்கி டாக்காவிடம் விளக்கம் கோரியது. பணம் திரும்பிச் சென்றது.