இடமாற்ற ஆணையும் நீதிமன்றமும்



உத்தியோகக் குடும்பங்களில் பிறந்த உங்களுக்கு ‘மாற்றல்’ என்னும் சொல் புதிதன்று. ஒரு தாளில் வரும் ஆணையினால் வீடு மாறுகிறது, பள்ளி மாறுகிறது, முதிய பெற்றோரைப் பிரிய நேருகிறது. அத்தகைய ஆணையை எதிர்த்து வழக்காட இயலுமா? அரசுக்கு உரிமையான நிறுவனங்களைப் பொறுத்தவரை, இக்கேள்விக்கு நம் உச்சநீதிமன்றம் படிப்படியாக விடை கண்ட வரலாற்றை இன்று சுருக்கமாகக் கூற விரும்புகிறேன்.

முதற்படி தனியார் ஆலை ஒன்றில் தொடங்குகிறது. உத்தரப் பிரதேசத்து அம்ரோஹா நகரில் ஒரு சர்க்கரை ஆலை இருந்தது. அதன் உரிமையாளர்கள் பிற்காலத்தில் புலந்த்ஷகரில் மற்றோர் ஆலையை அமைத்து, பழைய தொழிலாளர் சிலரை அங்கே செல்லப் பணித்தனர். மறுத்தவர்கள் வேலை இழந்தனர். 1960இல் உச்சநீதிமன்றம் தொழிலாளர் பக்கம் நின்றது. அவர்கள் வேலையில் அமர்ந்தபோது இருந்தது ஓர் ஆலையே. ஆகவே வேறிடம் செல்ல அவர்கள் இசைந்திருந்ததாகக் கொள்ள இயலாது என்பது தீர்ப்பு.

ஆனால் பல கிளைகளையுடைய வங்கியின் நிலை வேறு. 1966இல் வெளிவந்த சிண்டிகேட் வங்கி வழக்கின் தீர்ப்பு, எந்த ஊழியர் எங்கே தேவை என்பதை முடிவு செய்ய வங்கியே தக்கது என்றது. எனினும், தொழிற்சங்கப் பணிக்குத் தண்டனையாகவோ வேறு தீய நோக்குடனோ மாற்றினால் தொழில் தீர்ப்பாயம் தலையிடலாம் என்றும் கூறியது. அந்த வங்கி 1969இல் நாட்டுடைமையான பதினான்கு வங்கிகளுள் ஒன்றாயிற்று.

1975இல் வேறொரு கதவு திறந்தது. ஆயுள் காப்பீட்டுக் கழகம், எண்ணெய் இயற்கைவாயு ஆணையம் போன்றவை அரசியலமைப்பின் 12ஆம் உறுப்பின்படி ‘அரசு’ என்பதனுள் அடங்கும் என்று அவ்வாண்டு தீர்ப்பாயிற்று. பின்னர் பாரத் பெட்ரோலியம் போன்ற அரசுக் கம்பெனிகளும் அவ்வரிசையில் சேர்ந்தன. ஆகவே, சமத்துவ உரிமையை மீறிச் செயற்பட்டால், அவற்றின் ஊழியர் 226ஆம் உறுப்பின்கீழ் உயர்நீதிமன்றத்தை நாடலாம்.

கதவு திறந்ததனால் வந்தவரெல்லாம் வென்றுவிடவில்லை. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றப்பட்டார். அவர் முறையீடு அனுப்பிவிட்டுப் பணியில் சேராதிருந்தார், வேலையிலிருந்து நீக்கப்பட்டார். 1989இல் உச்சநீதிமன்றம் அந்நீக்கத்தை ஏற்றது. மாற்றல் பணியோடு பிறந்தது. இடர்ப்பாடு இருப்பின் முறையிடலாம். ஆனால் ஆணை நிறுத்தப்படாதவரை அதற்குக் கீழ்ப்படிய வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம்.

இதற்கு மறுபுறமும் உண்டு. பஞ்சாப் சிந்து வங்கியின் இந்தூர்க் கிளையில் பணிபுரிந்த பெண் அதிகாரி ஒருவர், மது ஒப்பந்தக்காரரின் கணக்குகளில் கண்ட முறைகேடுகளை மேலிடத்துக்கு எழுதினார். தமக்கு நேர்ந்த பாலியல் தொல்லை குறித்தும் புகார் செய்தார். 2017இல், தம் தகுதிக்கு மிகக் கீழ்நிலையிலிருந்த அதிகாரிக்குரிய பதவிக்கு, ஜபல்பூர் மாவட்டத்துச் சிறு கிளை ஒன்றிற்கு அவர் மாற்றப்பட்டார். உயர்நீதிமன்றம் அவ்வாணையை நீக்கியது. 2020 பிப்ரவரியில் உச்சநீதிமன்றமும் அதனை உறுதி செய்து, அவரை மீண்டும் இந்தூரில் அமர்த்தவும், 50,000 ரூபாய் செலவுத்தொகை வழங்கவும் பணித்தது.

இவ்விரு தீர்ப்புகளும் ஒன்றுக்கொன்று முரணானவை அல்ல. குடும்ப இடர்ப்பாட்டை எடைபோடுவது நிர்வாகத்தின் பொறுப்பு. ஆணையிட்டவருக்கு அதிகாரம் உண்டா, சட்டவிதி மீறப்பட்டதா, நோக்கம் தூயதா என்பனவற்றையே நீதிமன்றம் பார்க்கும். தீய நோக்கு என்று கூறுபவரே அதனை மெய்ப்பிக்கவும் வேண்டும். அது எளிதன்று.

ஏன் இவ்வாறு வரம்பு கட்டினார்கள்? எல்லோரும் நகரத்திலேயே இருக்க உரிமை பெற்றால் சிற்றூர்க் கிளையில் விளக்கேற்ற ஆளிராது. மாற்றல் தண்டனைக் கோலாயின், தவறு கண்டவர் வாய் திறக்க அஞ்சுவர். இழப்பு பொதுமக்களின் பணத்துக்கே. நாளை நீங்கள் ஆணை பெறுவோராகலாம். ஆணையில் கையொப்பமிடுவோராகவும் ஆகலாம். இரு நிலையிலும் இவ்வரலாறு உங்கள் நினைவில் இருக்கட்டும்.