மலையேறிய சுறா

ஊவா மாகாணத்துக்குக் கடற்கரை கிடையாது. பதுளை, மொனராகலை இரண்டு மாவட்டங்களுக்கும் நாலு பக்கமும் நிலமே எல்லை. ஆனாலும் பதுளைச் சந்தையில் கருவாட்டுக் கடை முன்னால் போய் நின்றால் அங்கே சுறா இருக்கும். உள்ளங்கை அகலத்துக்கு வார்ந்த பட்டைகள், ஓரம் சுருண்டு, சதை பழுப்பேறி, மேலே உப்புப் பூத்துக் கிடக்கும். ஒரு பக்கம் மட்டும் சாம்பல் நிறத் தோல் ஒட்டியிருக்கும். அதை வாலிலிருந்து தலைப்பக்கமாக விரலால் தடவினால் உப்புத்தாள் போலச் சொரசொரக்கும்.

பசறை, நமுனுகுல, மடுல்சீமை, லுணுகலைத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்த பலருக்குச் சுறா என்றால் இந்தப் பட்டைதான். நீந்தும் சுறாவைத் தொலைக்காட்சியில் பார்த்திருப்பார்கள். திரையில் வாய் பிளந்து வருவதும் நம் சட்டியில் கொதிப்பதும் ஒரே பிராணி என்று நினைத்துப் பார்க்க யாருக்கும் அவசியம் வந்ததில்லை. எனக்கு அந்தத் துண்டின் கதையை அதன் கடலிலிருந்தே சொல்ல வேண்டும் என்று தோன்றுகிறது.

இலங்கைப் படகுகளில் அதிகம் அகப்பட்டு வந்த சுறாக்களில் ஒன்று கார்கரைனஸ் ஃபால்சிஃபார்மிஸ் என்ற அறிவியல் பெயர் கொண்ட இனம். தோலின் செதில்கள் மிக நுண்ணியவை, நெருங்கி அடுக்கியவை. அதனால் தண்ணீருக்குள் அதன் மேனி பட்டாக மினுங்கும். ஆழ்கடலில் சூரைக் கூட்டங்களின் பின்னால் திரியும். மற்ற மீன்களைப்போல முட்டைகளைத் தண்ணீரில் கொட்டிவிட்டுப் போகும் இனம் இல்லை. தாயின் வயிற்றுக்குள் ஏறத்தாழ ஒரு வருடம் வளர்ந்து குட்டியாகப் பிறக்கிறது. ஓர் ஈற்றுக்கு விரல் விட்டு எண்ணிவிடக்கூடிய குட்டிகள்தான். அவை தாமே குட்டி போடும் வயதுக்கு வரப் பல ஆண்டுகள் செல்லும். ஒரு சூரை ஒரு பருவத்தில் இலட்சக்கணக்கில் முட்டையிடும். இரண்டையும் ஒரே தூண்டிலில், ஒரே வேகத்தில் பிடித்தால் எது முதலில் தீரும் என்பதற்குக் கணக்கு வாத்தியார் தேவையில்லை.

சூரைக்காகவே பலநாள் படகுகள் போகின்றன. வாழைச்சேனை, திருகோணமலை, பேருவளை, நீர்கொழும்பு, மிரிஸ்ஸ என்று துறைமுகங்களிலிருந்து ஐஸ் ஏற்றிக்கொண்டு புறப்பட்டால் வாரக்கணக்கில் கடலில்தான். கிலோமீற்றர் கணக்கில் நீளும் கயிற்றில் வரிசையாகத் தூண்டில் தொங்கும்; அல்லது வலை விரித்திருக்கும். சூரைக்கு வைத்த இரையைச் சுறாவும் கடிக்கும். ஒரு காலத்தில் சுறாவையே குறிவைத்தும் போனார்கள். 1990களின் கடைசியில் இலங்கையில் வருடத்துக்கு 30 ஆயிரம் தொன்னுக்கு மேல் சுறா கரைக்கு வந்தது. பிறகு அது சரிந்து, சில ஆயிரம் தொன்னில் வந்து நின்றது.

சுறாவைப் படகில் ஏற்றிய கணத்திலிருந்து அதன் உடம்புக்குள் ஒரு கடிகாரம் ஓடத் தொடங்கும். கடல்நீரின் உப்பைச் சமாளிக்கச் சுறா தன் இரத்தத்திலும் சதையிலும் யூரியாவைச் சேர்த்து வைத்திருக்கிறது. உயிர் போனதும் பாக்டீரியா அந்த யூரியாவை அமோனியாவாக மாற்றும். மற்ற மீன் நாறுவதற்கு முன்பே சுறா மூக்கைத் துளைப்பது இதனால்தான். நெடுநாள் கடலில் நிற்கும் படகில் அடியில் கிடந்த சுறாவைப் பச்சையாக நல்ல விலைக்கு விற்பது கஷ்டம். உப்பும் வெயிலும்தான் வழி. குடலெடுத்து, இரத்தம் போகக் கழுவி, சதையைப் பட்டையாக வார்ந்து, உப்பில் அடுக்கி வைத்து, பிறகு கழுவி வெயிலில் காயப் போடுவார்கள். வெயில் சரியாக விழுந்தால் சில நாளில் காய்ந்துவிடும். மழை பிடித்தால் சதை இளகி, ஈ மொய்த்து, சரக்கு பாழ். வாடிகளில் இந்த வேலையின் பெரும்பகுதியைப் பெண்கள் செய்கிறார்கள். உப்பு ஊறிய அவர்கள் கைகளைப் பார்த்தவர்கள் கருவாட்டுக்குப் பேரம் பேசத் தயங்குவார்கள்.

காய்வதற்கு முன்பே செட்டைகள் தனியாகப் பிரிந்துவிடும். அவை ஹொங்கொங்குக்கும் சிங்கப்பூருக்கும் போகும், கல்யாண விருந்துகளின் சூப்புக்கு. ஈரல் எண்ணெய்க்கு. சதை மலைக்கு. ஒரே மீன், அதன் செட்டை உலகின் மிக விலையுயர்ந்த மேசைகளுக்கும், உடம்பு பத்தடிக்குப் பன்னிரண்டடி லயக் காம்பராவுக்கும் வந்து சேர்கிறது. சுறாவைப் பற்றி உலகம் பேசியதெல்லாம் செட்டையைப் பற்றித்தான். சதை எங்கே போனது, யார் சாப்பிட்டார்கள் என்று கேட்டவர்கள் மிகக் குறைவு.

கருவாடு மலையேறுவது தேயிலையைவிட, கோப்பியைவிடப் பழைய கதை. கண்டி இராச்சியத்துக்கு உப்பும் கருவாடும் கடற்கரையிலிருந்து வந்தாக வேண்டும். கரையைப் பிடித்திருந்த ஒல்லாந்தர் அதை ஓர் ஆயுதமாகவே வைத்திருந்தார்கள். மட்டக்களப்புப் பக்கமிருந்தும் அம்பாந்தோட்டைப் பக்கமிருந்தும் பொதிமாட்டுக் கூட்டங்கள், அந்நாள் பேச்சில் தவளம், உப்பும் கருவாடும் சுமந்து ஊவாவுக்கும் வெல்லஸ்ஸவுக்கும் வந்தன. பாக்கும் நெல்லும் கொண்டு இறங்கின. இந்தப் போக்குவரத்தில் முஸ்லிம்கள் முன்னணியில் இருந்தார்கள். அதைக் கவனிக்க அரசனிடம் மடிகே என்ற தனிப்பிரிவே இருந்தது.

ஆங்கிலேயர் கண்டியைப் பிடித்த பின் வெல்லஸ்ஸவின் மடிகே முகாந்திரம் பதவியை ஹாஜி என்ற முஸ்லிம் ஒருவருக்குக் கொடுத்தார்கள். பழைய தலைவர்களின் அதிகாரத்தை அது வெட்டியது. 1817இல் மூண்ட ஊவா–வெல்லஸ்ஸக் கிளர்ச்சிக்கு உடனடிப் பொறிகளில் அதுவும் ஒன்று. ஹாஜி முகாந்திரம் பிடிபட்டுக் கொல்லப்பட்டார். விசாரிக்கப் போன பதுளை உதவி வதிவிடப் பிரதிநிதி சில்வெஸ்டர் வில்சன் அம்பு பட்டு இறந்தார். 1818இல் ஆங்கிலேயர் ஊவாவை எரித்து அடக்கிய கதையைப் பள்ளிக்கூடத்தில் படிக்கிறோம். உப்பும் கருவாடும் வரும் பாதையை யார் ஆள்வது என்ற வழக்கு அதற்குள் இருந்ததைப் பாடப்புத்தகம் அழுத்திச் சொல்வதில்லை.

அதன் பிறகு கோப்பி. 1869இல் கோப்பி இலைநோய் இலங்கையில் முதன்முதலாகக் கண்ணில் பட்டது மடுல்சீமையில்தான். கோப்பி செத்துத் தேயிலை வந்தது. தமிழ்நாட்டிலிருந்து ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள், மன்னார்க் கரையில் இறங்கிக் காடு வழியே நடந்து.

அவர்கள் கடந்து வந்த மன்னார்க் கடலில்தான் முத்துக்குளிப்பு நடந்தது. குளிகாரர்கள் தண்ணீருக்குள் இறங்கும் முன் சுறாவின் வாயைக் கட்ட மந்திரிக்கும் கடல்கட்டி கரையில் இருப்பார். 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் அந்தக் கடலைப் பற்றி எழுதிய மார்க்கோ போலோ, இப்படி மந்திரிப்பவர்களுக்கு முத்தில் இருபதில் ஒரு பங்கு கூலி என்கிறார். 19ஆம் நூற்றாண்டில் ஆங்கில அரசே கடல்கட்டிக்குச் சம்பளம் கொடுத்தது. அவர் இல்லையென்றால் ஒருவரும் குதிக்க மாட்டார்கள். சுறாவும் தமிழரும் நேருக்கு நேர் நின்ற இடம் அது. பயமும் மரியாதையும் அங்கே இருந்தன. மலைக்கு ஏறியவர்களிடம் அந்த உறவு அறுந்து போனது. அவர்களுக்குச் சுறா சம்பளக் கணக்கில் வாங்கும் சாமானாயிற்று.

தோட்டத்தில் அரிசியைத் துரைமார் கொடுத்துச் சம்பளத்தில் கழித்தார்கள். கறிக்கு என்ன செய்வது? ஆட்டிறைச்சி தீபாவளிக்கு. பச்சை மீன் கரையிலிருந்து வந்து சேர்வதற்குள் கெட்டுவிடும். நீண்ட பயணத்தையும் மலையின் ஈரத்தையும் தாங்கி, லயத்து இஸ்தோப்பில் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டாலும் கெடாத ஒரே மீன் கருவாடு. 1924 ஏப்ரலில் ரயில் பதுளை வரை வந்தது. தெமோதரையில் தன் பாதைக்கே அடியில் சுற்றி வளைந்து இறங்கும் அந்த ரயிலில், கொழும்பிலிருந்து கருவாட்டுச் சிப்பங்களும் வரத் தொடங்கின. இன்று லொறிதான். ஒரு வழி புறக்கோட்டை மொத்தக் கடைகளிலிருந்து. இன்னொரு வழி கிழக்கிலிருந்து: செங்கலடி, மகாஓயா, பிபிலை, லுணுகலை, பசறை, பதுளை. பழைய தவளங்கள் வந்த திசை அதுதான். போர்க் காலத்தில் கிழக்குக் கடலில் மீன்பிடிக்கவே ஆயிரம் தடை. இந்தப் பாதையும் சுருங்கிக் கிடந்தது. 2022இல் டீசல் இல்லாமல் படகுகள் கரையில் நின்றபோது மறுபடியும் கருவாட்டு விலை எகிறியது. லயத்தில் இருப்பவர்களுக்குக் கடல் நிலவரம் தெரிவது இப்படித்தான், கால் கிலோவின் விலையில்.

மாதம் 10ஆம் திகதி சம்பளம். அதற்கு அடுத்து வரும் சந்தையில் கடைக்காரரிடம் கொழுந்து எடுக்கும் ஒரு பெண் பேசுவது இந்தத் தொனியில் இருக்கும்:

"நானா, கால் கிலோ போடுங்க. வயித்துப் பக்கம் வேணாம், முதுகுச் சதையா பாத்துப் போடுங்க."

"இன்னைக்கி வந்த சரக்கு தங்கச்சி. உப்பு கொறவு."

"போன தடவையும் இதத்தான் சொன்னீங்க. ரெண்டு தண்ணி மாத்தியும் உப்பு போகல்ல."

கட்டா வாங்கக் கை நீளாது; கட்டாக் கருவாடு விலை. சாளை மலிவு, ஆனால் முள். சுறாவில் எலும்பே இல்லை, குருத்தெலும்புதான். அதனால் சின்னப் பிள்ளைக்குப் பயமில்லாமல் பிய்த்து ஊட்டலாம். வீட்டுக்கு வந்ததும் வெந்நீரில் ஊற வைத்து, தோலைச் சுரண்டி உரித்து, தண்ணி மாற்றி, பிறகு புளியும் மிளகாய்த்தூளும் கத்தரிக்காயும் சேர்த்துக் குழம்பு. தேங்காய் வாங்க முடிந்தால் பால் விடுவார்கள். அவசரமென்றால் துண்டைத் தணலில் சுட்டு, இடித்து, வெங்காயமும் கொச்சிக்காயும் போட்டுச் சம்பல். மறுநாள் பெரட்டுக்குப் போகும் அம்மா கொண்டுபோகும் ரொட்டிக்குள் அந்தச் சம்பல் இருக்கும். நாள் முழுக்க மலையில் நிற்கும் உடம்புக்கு உப்பும் புரதமும் ஒரே வாயில்.

பிள்ளை பெற்றவளுக்குச் சுறா கொடுப்பது யாழ்ப்பாணத்திலும் மட்டக்களப்பிலும் தமிழ்நாட்டுக் கரையிலும் பழக்கம். பச்சைப் பாற்சுறாவை அவித்து உதிர்த்து, தேங்காய்ப்பூவும் உள்ளியும் சேர்த்து வறை. தாய்ப்பால் ஊறும் என்பது நம்பிக்கை. தோட்டங்களிலும் பால் கொடுக்கும் பெண்ணுக்குச் சுறாவைத் தேடிக் கொடுக்கும் மாமியார்கள் உண்டு. அந்த அக்கறையைக் குறை சொல்ல எனக்கு மனம் வராது. 2016ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார ஆய்வின்படி நாட்டில் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் 17 வீதம் வயதுக்கேற்ற உயரமில்லாதவர்கள். தோட்டங்களில் அது கிட்டத்தட்ட 32 வீதம். இப்படி ஓர் இடத்தில் தட்டில் விழும் மீன் துண்டு சாதாரண விஷயம் இல்லை.

இதற்குள் ஒரு கெடுதலும் இருக்கிறது, அதை மறைக்கக்கூடாது. கடலில் சின்ன மீனைப் பெரிய மீன் தின்னத் தின்ன, பாதரசம் மேலே மேலே சேர்ந்துகொண்டு போகும். உச்சியில் இருப்பது சுறா. நெடுநாள் வாழும் பெரிய சுறாவின் சதையில் அது அதிகம். உப்பிட்டாலும் காய வைத்தாலும் கொதிக்க வைத்தாலும் பாதரசம் போகாது. வயிற்றிலிருக்கும் குழந்தையின் மூளை வளர்ச்சியைத்தான் அது முதலில் பாதிக்கும். அமெரிக்காவிலும் பிரித்தானியாவிலும் கர்ப்பிணிகள் சுறா சாப்பிட வேண்டாம் என்று சுகாதாரத் துறையே சொல்கிறது. கரையோரத்துச் சின்னப் பாற்சுறாவையும் ஆழ்கடலின் பெரிய சுறாவையும் ஒன்றாக வைத்துப் பார்க்கத் தேவையில்லை. ஆனால் சந்தையில் பட்டையாகக் கிடப்பது எந்தச் சுறா என்று வாங்குபவருக்கு எப்படித் தெரியும்? தோட்டத்துக்கு வரும் மருத்துவமாது இரும்புச்சத்து மாத்திரை கொடுக்கும்போது இதையும் சொல்ல வேண்டும். அதே கடையில் இருக்கும் நெத்தலியைக் காட்டிச் சொல்ல வேண்டும். நெத்தலியில் பாதரசம் சொற்பம். முள்ளோடு மெல்லுவதால் கல்சியமும் கிடைக்கும். சுறாவை விடு என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனால் அந்தத் தட்டில் மிஞ்சுவது வெறும் சோறு.

சட்டங்கள் இல்லாமல் இல்லை. செட்டையை மட்டும் வெட்டிக்கொண்டு உடலைக் கடலில் எறிவதைத் தடுக்க, செட்டை உடம்போடு சேர்ந்தே கரைக்கு வரவேண்டும் என்று 2001இலேயே இலங்கையில் விதி வந்தது. உடம்பளவு நீள வால் கொண்ட மூன்று இனச் சுறாக்களை 2012இல் தடை செய்தார்கள். வெண்முனைச் செட்டைப் பெருங்கடல் சுறாவும் திமிங்கிலச் சுறாவும் பின்னர் சேர்ந்தன.

ஆனாலும் சுறாக்கள் குறைந்துகொண்டேதான் போகின்றன. 1970க்குப் பின் ஆழ்கடல் சுறாக்களும் திருக்கைகளும் 71 வீதம் குறைந்துவிட்டதாக 2021இல் நேச்சர் இதழில் வந்த ஆய்வு சொன்னது. 2024இல் சயன்ஸ் இதழில் வந்த இன்னோர் ஆய்வு நம் கதைக்கு இன்னும் நெருக்கமானது. செட்டை வெட்டுவதற்கு எதிரான சட்டங்கள் உலகெங்கும் பெருகிய காலத்திலேயே மீன்பிடியில் சாகும் சுறாக்கள் வருடத்துக்கு 7 கோடியே 60 இலட்சத்திலிருந்து 8 கோடியாகக் கூடியிருக்கின்றன. உடம்பைக் கரைக்குக் கொண்டுவரச் சொன்னதும் அந்த உடம்பை விற்கச் சந்தை வளர்ந்ததும் அதற்கு ஒரு காரணம் என்கிறார்கள். நம் நாட்டில் அந்தச் சந்தை புதிதாக முளைக்கத் தேவையே இல்லை. எப்போதும் இருந்தது.

அந்தச் சந்தையின் கடைசிக் கண்ணியில் நிற்பவர்களை வைத்து இதைத் தீர்க்கப் பார்ப்பது அநியாயம். நாட்கூலி ஆயிரம் ரூபாய் ஆவதற்கு 2021 வரை போராடிய மக்கள் அவர்கள். தலையும் செட்டையும் வாலும் போய், தோல் பாதி உரிந்து, உப்பில் காய்ந்த பட்டையைப் பார்த்துத் தடை செய்த இனமா இல்லையா என்று சொல்ல ஆய்வுகூடத்தில் மரபணுவைச் சோதிக்க வேண்டும். முழு உடம்பாக அது கண்ணில் படுவது ஒரே ஒரு தடவை, படகு துறைமுகத்தில் கட்டும்போது. கடற்றொழில் திணைக்களத்தின் பரிசோதகர் அங்கே நின்று பார்க்க வேண்டும், தடை செய்த இனத்தை உயிரோடு விட்டவருக்கு நட்டம் வராமலும் பார்க்க வேண்டும். அங்கே தவறவிட்ட சுறாவை அதன் பிறகு பதுளை வரை வழியில் யாராலும் அடையாளம் காண முடியாது.