ஆடு மேய்த்தவரின் கவிதை

பழைய ஏற்பாட்டில் தீர்க்கதரிசிகள் பலரின் வாக்குகளை நாம் காண்கிறோம். அவர்களுள் ஆமோஸ், கி.மு. 8ஆம் நூற்றாண்டில் ஆடு மேய்த்தவர். காட்டத்தி மரங்களில் வேலை செய்தவர். ஏழைகளை நசுக்கிய செல்வரை அவர் அஞ்சாமல் கண்டித்தார். ஆயினும், பழைய உரையாசிரியரான ஜெரோம் அவருடைய பேச்சு திருத்தமற்றது என்றார்.

1741இல் ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் கவிதைப் பேராசிரியரானவர் இராபர்ட் லவுத். அவருடைய இலத்தீன் சொற்பொழிவுகள் 1753இல் நூலாக வெளிவந்தன. எபிரேயக் கவிதையின் அழகு எதில் உள்ளது என்பதை அவர் அதில் விளக்கினார். ஓரடியின் கருத்தை அடுத்த அடி எதிரொலிக்கும். 'ஏழை அழுதான்' என்று ஓரடி சொன்னால், 'எளியவன் கண்ணீர் விட்டான்' என்று மற்றோரடி சொல்லும். சிலவிடத்தில் எதிர்க்கருத்து வரும்; சிலவிடத்தில் முதற்கருத்தே வளரும். இந்த அமைப்பு சங்கீதங்களில் மட்டுமன்றித் தீர்க்கதரிசிகளின் வாக்குகளிலும் இருப்பதை லவுத் எடுத்துக்காட்டினார். பொருளில் பிறக்கும் அழகாதலால், மொழிபெயர்த்தாலும் அது பெரும்பாலும் அழிவதில்லை.

பின்வந்த அறிஞர்கள் லவுத்தின் பாகுபாட்டில் குறைகள் கண்டனர். ஆனால், ஆமோஸ் எந்தத் தீர்க்கதரிசிக்கும் குறைந்தவரல்லர் என்று அவர் ஜெரோமுக்கு அளித்த மறுமொழி நம் நெஞ்சில் நிற்கத்தக்கது. சொல்லின் உயர்வைச் சொல்லிலேயே காண்போம். சொன்னவரின் தொழிலைக் கொண்டு அளக்க வேண்டாம்.