தொட்டியில் வளரும் ஜூனிபர் செடி பழுப்பாகிறதா? சிலந்திப்பேனாக இருக்கலாம்

உம்பாய் பக்கம் வீட்டு வாசலில் ஜூனிபர், துஜா, சைப்ரஸ் மாதிரி ஊசியிலைச் செடி வளர்க்கிறீர்களா? இலைகள் மங்கிப் பழுப்பானால், "வெயில்தானே" என்று விட்டுவிடாதீர்கள். இவற்றில் பெரும்பாலானவை, இலை உதிர்ந்த பழைய கிளையில் மறுபடி துளிர்ப்பதில்லை. சீக்கிரம் கவனித்தால்தான் செடி பிழைக்கும்.

சிலந்திப்பேன் என்றால் என்ன?

இது பூச்சி இல்லை. எட்டுக் கால் உள்ள, சிலந்திக்குச் சொந்தக்கார உயிர். அளவு சுமார் அரை மில்லிமீட்டர்தான். இலைச் சாற்றை உறிஞ்சி வாழும். இரட்டைப்புள்ளிச் சிலந்திப்பேன், 30 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் முட்டையிலிருந்து முழு வளர்ச்சி அடைய ஒரு வாரம் போதும். தேயிலைத் தோட்டங்களைப் படுத்தும் செஞ்சிலந்திப்பேனும் இதே குடும்பம்தான். அதை 1861இல், இலங்கையின் காப்பிச் செடியில் கண்டுதான் முதலில் விவரித்தார்கள்.

மழை பெய்யும் ஊரில் எப்படி வருது?

மழை இந்தப் பேன்களைக் கழுவிவிடும். ஆனா கார் போர்ச்சுக்குக் கீழே இருக்கிற தொட்டியில் மழை படாது, தூசியும் சேரும். அதுதான் இவற்றுக்குப் பிடித்த இடம்.

எப்படிக் கண்டுபிடிப்பது?

ஒரு வெள்ளைத் தாளைக் கிளைக்குக் கீழே பிடித்து, கிளையைத் தட்டுங்கள். விழுந்த புள்ளிகள் மெதுவாக நகர்ந்தால் சிலந்திப்பேனாக இருக்கலாம். வேகமாக ஓடினால், அவற்றைத் தின்னும் நல்ல பேனாக இருக்கலாம். இலைகளுக்கு நடுவே மெல்லிய வலை, வெளிறிய சின்னப் புள்ளிகள் தெரிகிறதா என்றும் பாருங்கள்.

என்ன செய்யலாம்?

• தொட்டியைத் தனியாக வையுங்கள்.
• குழாய்த் தண்ணீரை வேகமாக, கிளைகளின் உள்பக்கமும் அடியிலும் பீய்ச்சுங்கள். முட்டை தப்பிவிடும் என்பதால், சில நாளுக்கு ஒருமுறை, இரண்டு மூன்று வாரம் தொடருங்கள்.
• போதவில்லை என்றால், செடிகளுக்கான சோப்புக் கரைசலை மாலையில் தெளிக்கலாம். எண்ணெய் மருந்து என்றால் கவனம்: நீலச் சாயல் உள்ள செடியின் நிறம் போய்விடும்.

எதைச் செய்யக்கூடாது?

கைக்குக் கிடைத்த பூச்சி மருந்தை அடிக்காதீர்கள். பல மருந்துகள் நல்ல பேன்களைக் கொன்றுவிடும். பிறகு சிலந்திப்பேன் இன்னும் பெருகும். மருந்து வேண்டியே ஆகும் என்றால், சிலந்திப்பேனுக்கு என்று லேபிளில் எழுதியிருக்கிறதா, 1974ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிச் சட்டப்படி பதிவு எண் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். ஒரே மருந்தைத் திரும்பத் திரும்ப அடித்தால், பேன் அதற்குப் பழகிவிடும்.

பழுப்பான இலை மீண்டும் பச்சையாகாது. புதுத் துளிர் பச்சையாக வருதா, அதைத்தான் கவனியுங்கள். வெயில் காலத்தில் வாரம் ஒருமுறை அந்த வெள்ளைத் தாளை மறக்காதீங்க.