படைவீரர் இயலாமை ஓய்வூதியம்

இந்திய முப்படைகளில் பணியாற்றும்போது உடலோ மனமோ பாதிக்கப்பட்டு, அந்தப் பாதிப்புக்குப் பணியே காரணம் என்று ஏற்கப்பட்டவருக்கு ஒன்றிய அரசு வாழ்நாள் முழுவதும் வழங்கும் தொகை படைவீரர் இயலாமை ஓய்வூதியம். முன்னாள் படைவீரர் வீடுகளில் இதற்கு ‘டிசபிலிட்டி பென்ஷன்’ என்றுதான் பெயர். இதோடு மருத்துவம், வேலைவாய்ப்பு, வரிவிலக்கு, உதவியாள் படி எனப் பல சலுகைகள் ஒட்டிக்கொண்டு வருகின்றன. இயலாமை விழுக்காடு ஏற ஏற அவற்றின் அளவும் எண்ணிக்கையும் கூடுகின்றன.

சென்னையில் இந்த ஓய்வூதியம் என்றதும் நினைவுக்கு வரும் முகவரி தேனாம்பேட்டை, அண்ணா சாலை 618. பாதுகாப்புத் துறைக் கணக்குக் கட்டுப்பாட்டாளர் அலுவலகம், பேச்சு வழக்கில் ‘சி.டி.ஏ. ஆபீஸ்’, அங்கேதான் இருக்கிறது. அதே தேனாம்பேட்டையில், அதே சாலையில், மெட்ரோ நிலையத்துக்கே பெயர் கொடுத்த ஏ.ஜி. அலுவலகமும் உண்டு. அது மாநில அரசு ஊழியர்களின் ஓய்வூதியத்தைப் பார்ப்பது; இராணுவத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. சி.டி.ஏ.வும் ஓய்வூதிய ஆணை பிறக்கும் இடமன்று. தரைப்படையினருக்கான அந்த ஆணை, சுருக்கமாக பி.பி.ஓ., பிரயாக்ராஜிலிருந்து வருகிறது. ஊர் பெயர் மாறிய பிறகும் மூத்த வீரர்களுக்கு அது ‘அலகாபாத் ஆபீஸ்’தான். ‘ஸ்பர்ஷ்’ என்ற இணைய முறை வந்தபின் பணமும் அங்கிருந்தே வங்கிக் கணக்குக்கு நேராக வருகிறது. ஆண்டுதோறும் தரவேண்டிய வாழ்நாள் சான்று, ஆவணத்தில் பெயர்ப் பிழை, வராத நிலுவை போன்றவற்றுக்குத்தான் கணக்குத் துறையின் சேவை மையங்களை நாட வேண்டியிருக்கிறது.

சென்னையில் ஓர் ஊனமுற்ற படைவீரரின் அரசு அலைச்சலில் பெரும்பகுதி அண்ணா சாலையை, அதாவது பழைய மவுண்ட் ரோட்டை, ஒட்டியே அமைந்துவிட்டது. வடகோடியில் தீவுத்திடலில் முன்னாள் படைவீரர் மருத்துவத் திட்டத்தின் பாலிகிளினிக், நடுவில் தேனாம்பேட்டைக் கணக்கு அலுவலகம், தென்கோடியில் பரங்கிமலை இராணுவ மருத்துவமனை. மாநில அரசின் முன்னாள் படைவீரர் நல இயக்ககம் மட்டும் சற்று விலகி, ராஜா முத்தையா சாலையில் இருக்கிறது.

இரண்டு வாசல்கள்

விதி சுருக்கமானது. இயலாமை பணியால் ஏற்பட்டிருக்க வேண்டும், அல்லது பணியால் கூடியிருக்க வேண்டும். மருத்துவ வாரியம் அதை 20 விழுக்காட்டுக்குக் குறையாமல் மதிப்பிட்டிருக்க வேண்டும். 1961-ஆம் ஆண்டுத் தரைப்படை ஓய்வூதிய ஒழுங்குமுறைகளின் 173-ஆம் விதி சொன்னது இதைத்தான். 1982, 2008, 2023 ஆண்டுகளின் உரிமை விதிகள் இதன் மேல்தான் எழுப்பப்பட்டன.

வெளியிலிருந்து பார்ப்பவரின் கண் விழுக்காட்டின் மேல் போகும். மருத்துவ வாரியத்தின் முடிவால் அனுப்பப்பட்டு, அதாவது ‘போர்டு அவுட்’ ஆகி, வந்தவரைக் கேட்டால் முதல் வாசலே குறுகலானது என்பார். பணியால் வந்ததுமல்ல, பணியால் கூடியதுமல்ல என்பதற்கான ஆங்கில முதலெழுத்துகள் என்.ஏ.என்.ஏ. வாரியம் அந்த நான்கு எழுத்துகளை எழுதிவிட்டால், பக்கத்துக் கட்டத்தில் 80 இருந்தாலும் 100 இருந்தாலும் இயலாமைப் பகுதி கிடைக்காது. நீதிமன்றங்களுக்குப் போன வழக்குகளில் பெரும்பகுதி இந்த நான்கு எழுத்துகளைப் பற்றியவை. 2013-இல் தரம்வீர் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறி வீரர்களுக்குப் பெரிய பிடிமானம் ஆயிற்று. சேரும்போது எந்த நோயும் குறிக்கப்படவில்லை என்றால் அவர் நல்ல உடலோடு சேர்ந்தார் என்றே கொள்ள வேண்டும்; பின்னால் வந்த நோய்க்குப் பணி காரணமில்லை என்று காட்டும் சுமை அரசுடையது; வாரியம் தன் முடிவுக்குக் காரணம் எழுதவும் வேண்டும். 2014-இல் சுக்விந்தர் சிங் வழக்கு இரண்டாம் வாசலையும் தளர்த்தியது. இயலாமைக்காக வெளியே அனுப்பப்பட்டவரின் பாதிப்பு 20-க்கு மேல் என்றே கொள்ளப்பட வேண்டும் என்றது அது. 20-க்குக் கீழ்தான் என்றால் அவரை ஏன் அனுப்பினீர்கள் என்ற எளிய கேள்வி அதற்குள் இருக்கிறது.

2023 செப்டம்பர் 21 முதல் நடப்புக்கு வந்த விதிகள் மறுபடி இறுக்கின. பணிக்காலத்தை முடித்து வெளிவருபவர் பெறும் தொகைக்கு ‘இம்பேர்மெண்ட் ரிலீஃப்’ என்று புதுப்பெயர் சூட்டப்பட்டது. இரத்த அழுத்தம், நீரிழிவு போன்றவற்றைப் பணியோடு இணைப்பதில் கண்டிப்பும் கூடியது. அதிகாரிகளில் மிகப் பலர் ஓய்வு பெறும் நேரத்தில் இயலாமை பெற்று வருகிறார்கள் என்ற தணிக்கைக் குறிப்பும் விமர்சனமும் இதற்குப் பின்னணி. விமர்சனத்தில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் விதி இறுகினால் முதலில் சிக்குபவர், வழக்கறிஞர் வைக்க வசதியில்லாத சிப்பாய்.

ஒரே ஊனம், மூன்று தொகை

பாதுகாப்பு அமைச்சகம் 2001 ஜனவரி 31-இல் வெளியிட்ட ஆணை, இயலாமையின் காரணங்களை ஏ முதல் ஈ வரை ஐந்தாகப் பிரித்தது. பணியோடு தொடர்பில்லாத இயற்கைக் காரணம் ஏ. பணிச்சூழலால் வந்த நோய் பி. பணியின்போது விபத்து சி. பயங்கரவாதிகள், சமூக விரோதிகளின் வன்முறை டி. எதிரியின் தாக்குதல், எல்லை மோதல், அரசு தனியே அறிவித்த படை நடவடிக்கை ஆகியவை ஈ. கடைசி எழுத்துக்குக் கிடைப்பது ‘போர்க்காய ஓய்வூதியம்’. 1999 கார்கில் சண்டையில் கால் இழந்தவர் இந்த வகையில் வருவார்.

ஒரு கணக்குப் போட்டால் விளங்கும். அடிப்படைச் சம்பளம் 30,000 ரூபாய் பெறும் சிப்பாய் ஒருவர். இராணுவப் பணி ஊதியம் 5,200 சேர்த்து 35,200. வாரியம் அவருக்கு 100 விழுக்காடு எழுதி வீட்டுக்கு அனுப்புகிறது. வண்டி கவிழ்ந்த பணி விபத்து என்றால், பணிப் பகுதியாகப் பாதி, 17,600, இயலாமைப் பகுதியாக 30 விழுக்காடு, 10,560, மொத்தம் 28,160. எதிரியின் குண்டு என்றால் அதே 17,600-உடன் போர்க்காயப் பகுதியாக முழுச் சம்பளம் 35,200 சேரும், மொத்தம் 52,800. காயத்தோடு படையிலேயே தொடர்ந்து, காலம் முடித்து வெளிவந்திருந்தால் போர்க்காயப் பகுதி 60 விழுக்காடாகக் குறையும். காரணம் ஏ என்றால் 17,600 மட்டுமே, அதுவும் ‘இன்வாலிட் பென்ஷன்’ என்ற பெயரில். 10 ஆண்டுகூடப் பணி முடிக்காதவருக்கு அந்த ஓய்வூதியமும் இல்லாமல் ஒரே தடவைப் பணிக்கொடையோடு முடிந்துகொண்டிருந்தது. 2020 ஜூலையில் வந்த ஆணைதான், 2019 ஜனவரி 4 அன்று பணியில் இருந்தவர்களுக்கும் பின் வந்தவர்களுக்கும் அந்த 10 ஆண்டுத் தடையை நீக்கியது. எல்லாத் தொகைகளுக்கும் மேல் அகவிலை நிவாரணம் தனி.

விழுக்காட்டிலும் ஒரு நெளிவு உண்டு. 50-க்குக் குறைந்தால் 50, 50 முதல் 75 வரை 75, 76 முதல் 100 வரை 100 என்று மேல்நோக்கி முழுமைப்படுத்துவார்கள். ‘பிராட் பேண்டிங்’ என்று பெயர். ஆக, மேல்படியில் 76-க்கும் 100-க்கும் மாதத் தொகையில் வேறுபாடு இல்லை. 1996 முதல் இது இயலாமைக்காக அனுப்பப்பட்டவர்களுக்கு மட்டும் தரப்பட்டது. பணிக்காலம் முடித்தவர்களுக்கும் உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2014 டிசம்பர் 10-இல் ராம் அவதார் வழக்கில் சொன்னது. தாமதமாகக் கேட்டு வந்தவர்களுக்கு நிலுவையை மூன்றாண்டுக்கு மட்டும் தந்துவந்த வழக்கம், 2008-இன் தர்சேம் சிங் தீர்ப்பிலிருந்து வந்தது.

தொகை சம்பளத்தின் விழுக்காடாக இருப்பது சரியா என்ற கேள்வியை ஏழாவது ஊதியக் குழு எழுப்பியது. 100 விழுக்காட்டுக்கு அதிகாரிக்கு 27,000, இளநிலை அதிகாரிக்கு 17,000, மற்றவர்களுக்கு 12,000 என்று நிலைத்தொகை தர அது பரிந்துரைத்தது. படைகளில் எதிர்ப்பு வலுத்தது. 2017 மே மாதத்தில் அமைச்சரவை பழைய விழுக்காட்டு முறையையே தொடர முடிவு செய்தது. நமது சிப்பாயின் 10,560-ஐ இங்கே மறுபடி பார்க்க வேண்டும். நிலைத்தொகை அவருக்கு 1,440 ரூபாய் கூடுதல். 2,25,000 ரூபாய் சம்பளம் வாங்கும் தளபதிக்கோ 67,500-லிருந்து 27,000-க்கு இறக்கம். சம்பளம் உயர்ந்துகொண்டே போக, நிலைத்தொகை நின்ற இடத்தில் நிற்கும் என்ற வாதமும் உண்டு, அது நியாயமானதே. இருந்தாலும் அந்தப் போராட்டத்தில் யாருடைய குரல் உரக்கக் கேட்டது என்பதற்கு இந்த எண்களே போதும். அமெரிக்காவில் இந்தப் பேச்சுக்கே இடமில்லை. அங்கே இழப்பீடு விழுக்காட்டையும் குடும்பத்தையும் பொறுத்தது, பதவியைப் பொறுத்ததன்று. அதோடு, ஒரே பாதிப்பு 60 அல்லது பல சேர்ந்து 70 (அதில் ஒன்றாவது 40) இருந்து, அதனால் நிலையான வேலை பார்க்க முடியாதவருக்கு 100-க்கு உரிய தொகையையே அங்கு தருகிறார்கள்.

நூறு விழுக்காடும் பிற சலுகைகளும்

முழு இயலாமை பெற்றவருக்கு, இடைவிடாமல் ஆள் துணை வேண்டும் என்று மருத்துவ வாரியம் எழுதினால், உதவியாள் படி கிடைக்கும். 2017 ஜூலையில் இது மாதம் 6,750 ரூபாய் ஆயிற்று. அவர் அரசு மருத்துவமனையில் உள்நோயாளியாக இருக்கும் நாட்களுக்கு இந்தப் படி நிறுத்தப்படும். பக்கவாதமோ தண்டுவட முறிவோ உள்ள ஒருவரை இரவும் பகலும் பார்த்துக்கொள்ள ஆள் வைத்தால் சென்னையில் என்ன கேட்பார்கள் என்று தெரிந்தவர்களுக்கு, இந்தத் தொகை யாரை மனத்தில் வைத்து வகுக்கப்பட்டது என்பது விளங்கும். விதி சொல்லும் உதவியாள் நடைமுறையில் மனைவியோ தாயோதான்.

பணியால் ஏற்பட்ட இயலாமைக்காக வெளியே அனுப்பப்படுபவருக்கு ஒரு தடவை கருணைத் தொகையும் உண்டு. 2016 முதல் 100 விழுக்காட்டுக்கு 20 லட்சம் ரூபாய், குறைந்த விழுக்காட்டுக்கு அதே விகிதத்தில் குறைவு. ஏற்கப்பட்ட அந்த இயலாமையாலேயே அவர் பின்னர் இறந்தால், குடும்பத்துக்கு வழக்கமான குடும்ப ஓய்வூதியத்துக்குப் பதிலாகச் சம்பளத்தில் 60 விழுக்காடு சிறப்புக் குடும்ப ஓய்வூதியமாக வரும்.

இயலாமைக்காக அனுப்பப்பட்டவரின் ஓய்வூதியத்துக்கு வருமான வரி கிடையாது. விலக்கின் வேர் 1922 மார்ச் 21-இன் ஓர் அறிவிக்கை வரை போகிறது. இயலாமைக்காக அனுப்பப்பட்டவருக்கே விலக்கு, காலம் முடித்து வந்தவருக்கு இல்லை என்று 2019 ஜூனில் வரி வாரியம் சுற்றறிக்கை விட்டது. அதே ஆண்டு ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இருந்த நிலையே தொடர உத்தரவிட்டது.

மருத்துவத்துக்கு, முன்னாள் படைவீரர் மருத்துவத் திட்டமான இ.சி.எச்.எஸ். 2003 ஏப்ரலில் தொடங்கிய இத்திட்டத்தில் மற்றவர்கள் ஓய்வு பெறும்போது ஒரு தொகை கட்டிச் சேர வேண்டும். போரில் ஊனமுற்றவர்களுக்கு அந்தக் கட்டணம் இல்லை. செயற்கைக் கால், கை பொருத்த இன்றும் புணேதான் தலைவாசல். 1944-இல், உலகப் போரின் நடுவே, அமைக்கப்பட்ட செயற்கை உறுப்பு மையம் அங்கே இருக்கிறது. தண்டுவடம் முறிந்தவர்களுக்கான மறுவாழ்வு இல்லங்கள் கடக்கியிலும் மொகாலியிலும் உள்ளன. கடக்கி இல்லம் 1974-இல் தொடங்கியது. தமிழ்நாட்டுக் குடும்பத்துக்கு இரண்டுமே தொலைவு.

வேலைவாய்ப்பில், பொதுத்துறை நிறுவனங்களும் அரசு வங்கிகளும் முன்னாள் படைவீரர்களுக்கு ஒதுக்கும் இடங்களுக்குள், மொத்த இடங்களில் 4.5 விழுக்காடு, ஊனமுற்ற வீரர்களுக்கும் போரில் இறந்தவர்களின் குடும்பத்தினருக்கும் உரியது. பெட்ரோல் நிலையம், எரிவாயு முகமை ஒதுக்கீட்டில் 8 விழுக்காடு பாதுகாப்புப் பிரிவுக்கு. மாநிலச் சலுகைகளைப் பொறுத்தவரை ஒரு சிக்கல் இருக்கிறது. இராணுவ வாரியத்தின் விழுக்காடு வேறு, 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 40 விழுக்காட்டு வரம்பு வேறு. இரண்டாவதற்கு அரசு மருத்துவமனையில் தனியாகச் சான்று பெற வேண்டும். மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகங்கள் டிசம்பர் 7 கொடிநாள் நிதியிலிருந்தும் சில உதவிகளைச் செய்கின்றன.

மறுப்பு வந்தால் முதல் மேல்முறையீட்டை ஆறு மாதத்துக்குள் செய்ய வேண்டும். அதன் பிறகு இரண்டாம் மேல்முறையீட்டுக் குழு, அதற்கும் பிறகு 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த ஆயுதப்படைத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. இதில் வெற்றி தோல்வியைப் பெரும்பாலும் முடிவு செய்வது மருத்துவ வாரியத்தின் நடவடிக்கைக் குறிப்பு. அதன் நகல் வீட்டுப் பெட்டியில் இல்லாவிட்டால் ரெஜிமெண்டின் ரெக்கார்ட் ஆபீசுக்கு எழுத வேண்டும். மதராஸ் ரெஜிமெண்ட்காரர்களுக்கு அது நீலகிரியின் வெலிங்டன்.

பயிற்சியில் விழுந்தவர்கள்

பரங்கிமலை அதிகாரிகள் பயிற்சி அகாடமி 1963-இல் தொடங்கியது. 1992 முதல் பெண்களுக்கும் அங்கே பயிற்சி. அங்கு கயிறு ஏறும்போது விழுந்து முதுகெலும்பை முறித்துக்கொண்ட ஒரு பயிற்சியாளர், அதிகாரியாக ஆணை பெறும் நாளுக்கு முன்பே அனுப்பப்பட்டால், விதியின் கண்ணில் முன்னாள் படைவீரர் ஆகமாட்டார். அதனால் மேலே சொன்ன ஓய்வூதியம் எதுவும் அவருக்குப் பொருந்தாது. மாதம் 9,000 ரூபாய் கருணைத் தொகை, 100 விழுக்காட்டுக்கு 16,200 இயலாமைத் தொகை, உதவியாள் படி 6,750 என்று ஒரு தனி ஏற்பாடு உண்டு. 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் இவர்களின் நிலையைத் தானாகவே வழக்காக எடுத்துக்கொண்டது. அம்மாத இறுதியில் இவர்களுக்கு இ.சி.எச்.எஸ். உறுப்பினர் உரிமை தரப்பட்டது.