தளைநாருக்கும் வரி

திருவிதாங்கூர் சமஸ்தானத்தின் பழைய வரிப் பட்டியலில் ஏணிக்காணம், தளைக்காணம் என்று இரண்டு இனங்கள் உண்டு. முன்னது பனையேறி மரத்தில் சாத்தும் ஏணிக்கு. பின்னது அவர் காலில் மாட்டும் தளைநாருக்கு. நிலத்துக்கு வரி, விளைச்சலுக்கு வரி என்பதை எல்லா அரசும் செய்திருக்கிறது. உழைக்கிற ஆளின் காலில் கிடக்கும் நாருக்கும் காசு கேட்ட அரசை நினைத்தால் எனக்கு இன்றும் நெஞ்சு கொதிக்கும். அது போதாதென்று ஆளுக்குத் தலைவரி வேறு. அந்த வீட்டுப் பெண்கள் மேலாடை அணிய உரிமை கேட்டுப் பத்தொன்பதாம் நூற்றாண்டில் பல பத்தாண்டுகள் போராட வேண்டியிருந்தது. 1859இல் வந்த அரச ஆணைகூட மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடுதான் வந்தது.

நான் பனையேறியின் பேத்தி. எங்கள் தாத்தா உடன்குடிப் பக்கத்துத் தேரிக்காட்டில் ஏறியவர். செம்மணல் பறக்கும் பூமி அது. நெல்லுக்கு வழியில்லை, பனைக்குக் குறைவில்லை. ‘பனையேறித்தானே’ என்று ஊரில் சொல்லும்போது அந்தக் ‘தானே’யில் இருந்த இளக்காரத்தைக் கேட்டு வளர்ந்தவள் என்பதால், அந்த வேலை என்னவென்று முதலில் சொல்லிவிட வேண்டும்.

மாசி, பங்குனியில் பாளை வரும். அப்போதிருந்து ஆவணி வரை ஒரு நாளும் ஓய்வில்லை. விடியுமுன் கிளம்ப வேண்டும். அடிமரத்தில் முருக்குத்தடியைச் சாத்தி அதில் கால் வைத்து ஏறி, பிறகு இரண்டு பாதங்களையும் தளைநாரில் மாட்டி, மரத்தை மார்போடு அணைத்து உந்தி உந்தி மேலே போவார்கள். இடுப்பில் அருவாப்பெட்டி, சுண்ணாம்பு, குடுவை. உச்சியில் கருக்கு மட்டைகளுக்கு நடுவே கால் ஊன்ற இடம் பார்த்து உட்கார்ந்த பிறகுதான் உண்மையான வேலையே தொடங்கும்.

பாளையை முதலில் கடிப்பு வைத்து நசுக்கிப் பதப்படுத்த வேண்டும். ஆண் பனைக்கு ஒரு கடிப்பு, பெண் பனைக்கு வேறு. அழுத்தம் கூடினால் பாளை பட்டுப்போகும், குறைந்தால் ஊறாது. அதன் பிறகு ஒவ்வொரு வேளையும் நுனியை மெல்லிய சீவலாகச் சீவிவிட வேண்டும். கனமாகச் சீவினால் பருவம் முடியுமுன்னே பாளை தீர்ந்துவிடும். சீவாமல் விட்டால் கண் அடைத்துப் பதனீர் நின்றுவிடும். கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவ வேண்டும். தடவாவிட்டால் புளித்துக் கள்ளாகிவிடும். கூடிப்போனால் பதனீரின் ருசி கெட்டு, கருப்பட்டியும் கெட்டுவிடும். இதற்கு அளவுகோல் எதுவும் கிடையாது, எல்லாம் விரலில் இருக்கிறது.

ஒரு ஆள் முப்பது, நாற்பது மரம் ஏறுவார். காலை ஒருமுறை, மாலை ஒருமுறை. மரம் அறுபது அடி, முப்பது மரம், இரண்டு வேளை என்று கணக்குப் போட்டால் நாளொன்றுக்கு 3,600 அடி ஏற்றம், அதே அளவு இறக்கம். மலையேறிகளுக்குப் பதக்கம் தரும் உலகம் இது. தாத்தாவுக்கு உள்ளங்காலிலும் மார்பிலும் காய்ப்புத்தான் மிஞ்சியது. மழை பெய்து வழுக்கும் மரத்திலிருந்து விழுந்து இடுப்பொடிந்து கிடந்தவர்கள் எங்கள் பக்கத்தில் ஊருக்கு ஊர் உண்டு.

ஆச்சியின் வேலை விடிலியில். பனங்காட்டுக்குள் ஓலை வேய்ந்த அந்தக் குடிசையில் சித்திரை வெயிலிலும் அடுப்பு அணையாது. பதனீரைப் பன்னாடையில் வடிகட்டி அகன்ற சட்டியில் ஊற்றி, உடைமுள்ளும் காய்ந்த ஓலையும் எரித்து மணிக்கணக்கில் காய்ச்ச வேண்டும். பொங்கி வரும்போது இரண்டு ஆமணக்கு முத்தைத் தட்டிப் போட்டால் நுரை அடங்கும். பாகு இறுகி வருகையில் ஒரு துளியைத் தண்ணீரில் விட்டு விரலால் உருட்டிப் பார்ப்பாள். உருண்டால் பதம். உடனே இறக்கி, துடுப்பால் கிண்டி, சிரட்டைகளில் ஊற்ற வேண்டும். கொஞ்சம் தாமதித்தால் கருகும், முந்தினால் இளகும். எட்டு, பத்து லிட்டர் பதனீர் காய்ந்து ஒரு கிலோ கருப்பட்டி ஆகிறது. பனையேறியின் உழைப்பைப் பற்றி எழுதியவர்கள்கூடப் புகையில் கண் சிவந்த இந்தப் பெண்களுக்கு இரண்டு வரிக்கு மேல் கொடுத்ததில்லை. பாதித் தொழில் அவர்களுடையது.

இவ்வளவு கைத்திறன் இருந்தும் ஏன் கௌரவம் வரவில்லை? சாதி ஒரு காரணம், அதை எல்லாரும் அறிவோம். அதோடு இறுகப் பின்னிய இன்னொரு காரணம் கணக்கு நோட்டில் இருந்தது. தாத்தா ஏறிய மரங்களில் ஒன்றுகூட அவருடையதில்லை. மரத்துக்காரருக்கு வாரம் போக மிஞ்சியதுதான் அவர் பங்கு. மழைக்காலத்தில் சாப்பாட்டுக்கு வழியில்லாமல் வியாபாரியிடம் முன்பணம் வாங்கியிருப்பார். பருவம் வந்ததும் காய்ச்சிய கருப்பட்டியை அவருக்கே, அவர் சொன்ன விலைக்கே போட வேண்டும். விலை ஏறும் மாதங்களில் கருப்பட்டி வியாபாரியின் கிட்டங்கியில் இருக்கும், கடன் தாத்தா பேரில் இருக்கும். அப்பா சின்ன வயதில் அந்த நோட்டைப் பார்த்திருக்கிறார். ஒரு வருடமும் அது நேராகவில்லை என்பார்.

1841இல் இடையன்குடிக்கு வந்த கிறிஸ்தவ மிஷனரி கால்டுவெல் 1849இல் பனையேறும் மக்களைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதினார். மரமேறும் வேலையை நேரில் கண்டவர் அவர், ஊருக்குப் பள்ளியும் கோயிலும் கட்டியவர். ஆனால் அந்த மக்களின் அறிவைப் பற்றி அவர் எழுதியது இழிவானது. அடுத்தடுத்த தலைமுறையில் படித்து வந்தவர்கள் கொதித்தெழுந்து எதிர்த்தார்கள். நூலைப் பின்னாளில் திரும்பப் பெற நேர்ந்தது. பாளை எப்போது கண் அடைக்கும் என்று தொட்டே சொல்லும் ஒருவரை மந்த புத்திக்காரர் என்று எழுத முடிந்ததென்றால், கையில் இருப்பது அறிவில்லை என்ற எண்ணம் எத்தனை ஆழமாக வேரூன்றியிருந்திருக்கும்!

பனையேறும் நாடார் சமூகம் எழுந்தது. விருதுநகர், சிவகாசி வணிகர்கள் மகமை என்ற பொது நிதி சேர்த்துப் பள்ளிகள் நடத்தினார்கள். 1910இல் நாடார் மகாஜன சங்கம் உருவானது. 1921இல் தூத்துக்குடியில் நாடார் வங்கி தொடங்கியது, இன்றைய தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி அதுதான். வியக்கத்தக்க எழுச்சி இது, எனக்குப் பெருமை உண்டு. ஆனால் அந்த எழுச்சி முழுக்க மரத்தைவிட்டு இறங்கிய எழுச்சி. கடை, கல்வி, அரசு வேலை எல்லாவற்றுக்கும் மரியாதை வந்தது. மரத்திலேயே இருந்தவருக்கு, சொந்தச் சாதிக்குள்ளேகூட, ‘பனையேறிக்குப் பெண் தரமாட்டோம்’ என்ற பேச்சுத்தான் மிஞ்சியது. என் அப்பாவைப் படிக்க அனுப்பியபோது தாத்தா அருவாளைத் தொடவே விடவில்லை. அவர் செய்தது சரி. வேறு வழி அவருக்கு யாரும் வைக்கவில்லை.

அந்த வழியை வைக்க முயன்றவர்களில் காந்தியப் பொருளியலாளர் ஜே. சி. குமரப்பாவைச் சொல்ல வேண்டும். 1934இல் தொடங்கிய அகில இந்திய கிராமத் தொழில் சங்கத்தின் வழியாக, பனைவெல்லத்தைக் கிராமப் பொருளாதாரத்தின் நடுவில் நிறுத்தப் பார்த்தார். ஆலைச் சீனி மலிந்தது, அந்தக் குரல் அமுங்கியது. மதுவிலக்குச் சட்டங்கள் வேறு பனையேறியைக் குற்றவாளி ஆக்கின. 1937இல் சேலத்தில் தொடங்கிய மதுவிலக்கு பிறகு மாகாணம் முழுக்கப் பரவியது. இடையில் தளர்த்தப்பட்டாலும் 1987 முதல் இங்கே கள்ளுக்குத் தடை தொடர்கிறது. கள் வேண்டுமா வேண்டாமா என்ற வாதத்துக்கு நான் வரவில்லை. பதனீர்க் கலயத்தில் சுண்ணாம்பு போதவில்லை என்று சொல்லி உழைப்பாளியை ஸ்டேஷனுக்கு இழுக்கும் அதிகாரம் யாருக்கும் இருக்கக்கூடாது என்று மட்டும் சொல்கிறேன்.

1978இல் பனை தமிழ்நாட்டின் மாநில மரமானது. அதற்குப் பிறகும் லாரி லாரியாகச் செங்கல் சூளைக்குப் போனது. 2021இல்தான் ஆட்சியர் அனுமதி இல்லாமல் வெட்டக்கூடாது என்று அரசு அறிவித்தது. உடன்குடிக் கருப்பட்டிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்துவிட்டது. மரத்துக்கும் பண்டத்துக்கும் மதிப்பு வந்தாயிற்று. ஏறுகிற ஆளுக்கு? எங்கள் பக்கத்தில் இன்று ஏறுகிறவர்களில் பெரும்பாலோர் ஐம்பதைத் தாண்டியவர்கள். சீனி கலந்த கருப்பட்டி கடையில் பாதி விலைக்குக் கிடைக்கும்போது, அவர்கள் காய்ச்சும் அசல் சரக்குக்கு வாங்குகிறவர்கள் பேரம் பேசுகிறார்கள்.

பருவத்தில் தெற்கே வருகிறவர்கள் சாலையோரக் கடையைத் தாண்டி விடிலி வரை ஒரு நடை போய் வாருங்கள். காய்ச்சுகிற அம்மாவிடமே நேராக வாங்குங்கள். அவர் சொல்கிற விலையைக் குறைத்துக் கேட்காதீர்கள்.