தீர்ப்புக்குப் பின்

வழக்கில் வென்றவன் கையில் தீர்ப்பு வந்துவிடுகிறது. பணமோ உடனே வருவதில்லை. இந்தியாவில் வழக்காளியின் இடர்கள் அவன் தீர்ப்பைப் பெற்ற பின்னரே தொடங்குகின்றன என்று இலண்டன் கோமறைக் கழகம் 1872ஆம் ஆண்டிலேயே கூறியது.

இதற்கொரு காரணம், நீதிமன்றின் ஆணைக்கும் எல்லை உண்டு என்பதாகும். மதுரை மன்றில் தோற்ற கடனாளியின் நிலமெல்லாம் தஞ்சையில் இருப்பின், மதுரை மன்று அதனை ஏலத்தில் விற்றல் இயலாது. வென்றவன் செய்வது யாது? 1859ஆம் ஆண்டின் குடியியல் நடைமுறைச் சட்டம் இதற்கு வழி வகுத்தது; 1908ஆம் ஆண்டின் சட்டம் அவ்வழியைச் செவ்வனே வரையறுத்தது. தீர்ப்பளித்த மன்றே அதனை நிறைவேற்றலாம். அன்றேல், கடனாளி வாழும் இடத்திலோ அவன் சொத்துள்ள இடத்திலோ உள்ள மன்றுக்கு அனுப்பலாம். பெற்றுக்கொண்ட மன்று, தான் வழங்கிய தீர்ப்பைப் போலவே அதனை நிறைவேற்றும். ஆயின் அதன் சரி பிழையை மீண்டும் ஆராயாது. விளைவை அனுப்பிய மன்றுக்கு அறிவிக்கும்.

எல்லைக்கு அப்பாலுள்ள ஆளின்மீதோ சொத்தின்மீதோ ஆணை செல்லாது என்பதை 2002ஆம் ஆண்டின் திருத்தம் வெளிப்படையாகவே விதித்தது. பணத் தீர்ப்பை நிறைவேற்றக் கோருவதற்கு 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் அளிப்பதோ 12 ஆண்டுகளே. ஆதலின், உரிய மன்றை உரிய காலத்தில் நாடாதவனுக்கு, வென்ற வழக்கும் வெறும் ஏடாகவே எஞ்சும்.